கறுத்தவாவு காலமானது

போன தை அமாவாசையன்று இரவு ஒன்பதரை மணிக்கு எங்கள் வீட்டு மொட்டைமாடியில் நின்று செய்தித்தாள் வாசித்தேன். விளக்கு போடவில்லை. டார்ச் எடுத்துப் போகவில்லை. கைப்பேசி கீழே சார்ஜில் கிடந்தது. பாறசாலைக்கும் களியக்காவிளைக்கும் நடுவே, சாலையிலிருந்து இரண்டு புரையிடம் தள்ளி இருக்கிற வீடு. தலைப்புச் செய்தி பளிச்சென்று தெரிந்தது. அதற்குக் கீழே இருந்த சின்னத் தலைப்பைக் கண்ணைச் சுருக்கி எழுத்துக்கூட்ட முடிந்தது. பேப்பரை மடித்தபோதுதான் உறைத்தது: இந்த வீட்டில் ஒரு சாவு விழுந்திருக்கிறது. அடக்கத்துக்கு யாரும் சொல்லி அனுப்பவில்லை.

இறந்தது கறுத்தவாவு.

எங்கள் பக்கத்தில் பௌர்ணமி வெளுத்தவாவு, அமாவாசை கறுத்தவாவு. சங்கத் தமிழின் 'உவா' இங்கே மலையாளம் பேசுகிற வாயிலும் தமிழ் பேசுகிற வாயிலும் ஒன்றுபோல வாவு ஆகிவிட்டது. நாள்காட்டியில் அது இன்றும் உயிரோடுதான் இருக்கிறது. மாதம் தவறாமல் கறுப்பு வட்டம் அச்சடித்த கட்டம் வருகிறது. கர்க்கடக வாவுக்கு அருவிப்புரத்தில் நெய்யாற்றங்கரையில் பலியிடக் கூட்டம் கூடுகிறது. நாள் இருக்கிறது, சடங்கு இருக்கிறது. அந்த இரவு மட்டும் வருவதில்லை.

செத்த தேதியைச் சொல்ல முடியவில்லை. நீண்டகாலம் படுக்கையில் கிடந்து, வீட்டில் எல்லாரும் அவரவர் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கையில் சத்தமில்லாமல் போன கிழவியைப் போலப் போயிருக்கிறது.

கறுத்த என்று பெயர் இருந்ததே தவிர அது முழுக் கறுப்பாக ஒருநாளும் இருந்ததில்லை. இதை எனக்குச் சொன்னவர் பாட்டா, என் தாத்தா. அவர் பனையேறி. அக்கானி என்கிற பதநீர் இறங்கும் மாதங்களில் விடியலுக்கு வெகுமுன்பே எழுந்து, முருக்குத்தடியைத் தோளில் போட்டுக்கொண்டு போவார். ஓலைச்சூட்டு கொளுத்திப் போவது வழிவரைக்கும்தான். மரத்தடியில் அதை அணைத்துவிடுவார். "தீ கண்ணக் கெடுக்கும் மக்களே, மேல ஏறுனா வானமே வெளிச்சம்" என்பார். பனையின் உச்சியில் பாளை சீவும் அரிவாள் விரலைத் தொடாமல் இருக்க அந்த வெளிச்சம் அவருக்குப் போதுமானதாக இருந்தது.

அந்த வெளிச்சம் எதனால் ஆனது என்று பின்னாளில் புத்தகங்களில் படித்துத் தெரிந்துகொண்டேன். நட்சத்திரங்கள் தருவது அதில் ஒரு பங்குதான். இன்னொரு பங்கு நம் காற்று தருவது. பகல் முழுக்கச் சூரியனின் புற ஊதாக் கதிர் மேல் வளிமண்டலத்தில் ஆக்சிஜன் மூலக்கூறுகளை உடைத்துப் போடுகிறது. இரவில் ஏறக்குறைய 100 கிலோமீட்டர் உயரத்தில் அவை மறுபடி ஒன்றுசேரும்போது, பகலில் வாங்கிவைத்ததை மங்கலான பச்சை ஒளியாகத் திருப்பித் தருகின்றன. வானமே தன் கணக்கில் கொஞ்சம் எரிகிறது. மூன்றாவது பங்கு தூசு. கோள்கள் சுற்றும் தளத்தில் பரவிக் கிடக்கும் தூசு சூரிய ஒளியைச் சிதறடித்து, அந்தி முடிந்த பின் மேற்கிலும் விடியலுக்கு முன் கிழக்கிலும் ஒரு வெளிறிய கூம்பாக எழும். நம்மைப்போல நிலநடுக்கோட்டுக்குப் பக்கத்தில் இருப்பவர்களுக்கு அந்தக் கூம்பு ஏறக்குறைய செங்குத்தாக நிற்கும். குளிர்நாட்டுக்காரர்களுக்கு அது தொடுவானத்தில் சாய்ந்து கிடக்கும். பாட்டா அதைப் 'பொய் வெளுப்பு' என்பார். அதைக் கண்டு ஏமாந்து சேவல் கூவினாலும் பனையேறி ஏமாறக்கூடாது. உண்மையான வெளுப்பு வர இன்னும் நான்கு மரம் ஏறி இறங்க நேரம் இருக்கும்.

இந்த மூன்றும் சேர்ந்து, நிலவில்லாத தெளிந்த இரவில் தரைக்கு அனுப்புவது, வெளிச்சத்தை அளக்கும் அலகான லக்ஸில் ஆயிரத்தில் ஒரு பங்கு. முழுநிலவு தருவது கால் லக்ஸ் அளவு. தெருவிளக்கின் அடியில் விழுவது பத்து லக்ஸ் வரும். அதாவது ஒரு சாதாரணத் தெருவிளக்கின் கீழ் நிற்பவர் நாற்பது வெளுத்தவாவின் கீழ் நிற்கிறார். கறுத்தவாவைக் கணக்கில் எடுத்தால் பத்தாயிரம் மடங்கு.

இறந்தவரின் சொத்து விவரத்தைச் சொல்லாமல் இரங்கல் முடியாது. நெய்யாற்றின்கரை, பாறசாலை வட்டாரம் நிலநடுக்கோட்டுக்கு எட்டேகால், எட்டரைப் பாகை வடக்கே இருக்கிறது. வானத்தின் இரண்டு முனைகளும் இந்த ஊருக்குச் சொந்தம். வடக்கே துருவ நட்சத்திரம் தொடுவானத்திலிருந்து எட்டுப் பாகை உயரத்தில், கையை நீட்டி முஷ்டி பிடித்தால் அதன் மறைவுக்குள் அடங்கும்படி நிற்கும். தெற்கே, லண்டனிலோ டெல்லியிலோ ஒழுங்காகப் பார்க்கக் கிடைக்காத தென்சிலுவை முழுதாக எழும். பங்குனி மாதம் விடியலுக்கு முன் நான்கு மணிக்கு, பனை உச்சியில் இருந்தவருக்குத் தெற்கே கேட்டை செந்நிறமாக உச்சியேறியிருக்கும். அதற்குக் கிழக்கே பால்வெளியின் நடுப்பகுதி, அதன் மிகத் தடித்த, மிகப் பிரகாசமான இடம், தென்னைகளுக்கு மேல் புகைபோலக் குவிந்து கிடக்கும். தென்மேற்கில் தென்சிலுவை கடலை நோக்கிச் சாயும். ஒரே பார்வையில் இத்தனையும். பாட்டா அதை ஆகாச கங்கை என்று சொல்லிவிட்டுப் பாளையைச் சீவத் தொடங்குவார். வியந்து நிற்க அவருக்கு நேரம் இருந்ததில்லை. வியப்பு, வேலைக்குக் கிடைத்த விளக்காக இருந்தது.

அகத்தியர் இந்த ஊருக்கு இரண்டு இடத்தில் இருக்கிறார். வடகிழக்கில் 1868 மீட்டர் உயரத்தில் அகத்தியர்கூடம், நெய்யாறு பிறக்கும் மலைத்தொடரில். தெற்கில் அகத்திய நட்சத்திரம். வானத்தில் சீரியஸுக்கு அடுத்தபடியாக மிகப் பிரகாசமானது அதுதான். தை, மாசி மாத முன்னிரவில் தெற்கே தொடுவானத்திலிருந்து மூன்று முஷ்டி உயரத்தில், 29 பாகையில் நிற்கும். ஏறக்குறைய 310 ஒளியாண்டு தூரம். இன்று நம் கண்ணில் விழும் அதன் ஒளி புறப்பட்டபோது மார்த்தாண்ட வர்மா திருவிதாங்கூர் அரியணை ஏறியிருக்கவில்லை. அவர் ஒளிந்து தப்பியதாகச் சொல்லப்படும் நெய்யாற்றின்கரை அம்மச்சிப் பிலா என்னும் பலா அன்று பச்சை மரமாக நின்றிருக்கும்.

மலைக்கு வானத்தைத் தேடி ஒருவர் போனதும் உண்டு. திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாள் 1837இல் திருவனந்தபுரத்தில் வானாய்வகம் அமைத்தார். அதன் இயக்குநராகப் பின்னர் வந்த ஜான் ஆலன் பிரௌன் 1855இல் அகத்திய மலையின் உச்சியில் ஒரு ஆய்வுக்கூடம் கட்டினார். அவர் அளந்தவை காந்தப்புலமும் வானிலையும். மழையும் யானையும் ஆளும் அந்த உச்சிக்குக் கருவிகளைச் சுமந்து ஏறியவர்களின் பெயர்கள் நமக்குக் கிடைக்கவில்லை. அவர்கள் பார்த்த இரவு எப்படி இருந்திருக்கும் என்பதற்கு மட்டும் கணக்கு இருக்கிறது: கிழக்கிலும் மேற்கிலும் கண்ணுக்கெட்டிய தூரம்வரை ஒரு மின்விளக்கும் கிடையாது.

இன்னொரு இரவையும் குறிக்க வேண்டும். 1888 சிவராத்திரியில் நாராயண குரு அருவிப்புரத்தில் நெய்யாற்றிலிருந்து ஒரு கல்லை எடுத்துச் சிவனாகப் பிரதிஷ்டை செய்தார். கோயில் வாசல் மறுக்கப்பட்டவர்களுக்கு அந்த இரவில் ஒரு கோயில் பிறந்தது. அதைப் பற்றி எவ்வளவோ எழுதியிருக்கிறார்கள். நான் சேர்ப்பது சின்ன விஷயம். சிவராத்திரி எப்போதும் கறுத்தவாவுக்கு முந்தின இரவில்தான் வரும். ஆற்றங்கரையில் எரிந்த சில விளக்குகளைத் தவிர, அங்கே கூடியவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் கண்டது வானத்தின் வெளிச்சத்தில்தான். வாசல் காவல் இல்லாத வெளிச்சம் அது.

நோய் எப்போது தொடங்கியது? திருவனந்தபுரம் நகரத்துக்கு 1929இல் மின்சாரம் வந்தது. 1940இல் பள்ளிவாசல் நீர்மின் நிலையம் ஓடத் தொடங்கியது. எங்கள் கிராமங்களுக்குக் கம்பி வர அதற்குப் பிறகு பல பத்தாண்டுகள் ஆயின. அதற்கு நடுவில் ஒரு மாலை வந்தது. அம்மா அதைக் கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தாள்.

1963 நவம்பர் 21. திருவனந்தபுரத்தை அடுத்த தும்பாவிலிருந்து இந்திய மண்ணின் முதல் ஆய்வு ராக்கெட் மாலை 6.25க்குக் கிளம்பியது. அமெரிக்க ராக்கெட், பிரெஞ்சுக் கருவி. அது உயரே போய்ச் சோடியம் ஆவியைக் கக்கியது. தரையில் அந்தி கருத்துவிட்டது. ஆனால் அந்த உயரத்தில் இன்னும் வெயில் இருந்தது. வெயில் பட்ட ஆவி ஆரஞ்சு நிற மேகமாக ஒளிர்ந்து, மேல் காற்று இழுத்த இழுப்புக்கெல்லாம் வளைந்தது. மேல் வளிமண்டலத்தில் காற்று எப்படி ஓடுகிறது என்று அளப்பதற்கான ஏற்பாடு. அதற்கு இருண்ட வானம் வேண்டியிருந்தது. பலகை கறுப்பாக இருந்தால்தானே சுண்ணாம்புக் கோடு தெரியும். அம்மா அப்போது சிறுமி. தண்ணீர்க் குடத்தை இடுப்பிலிருந்து இறக்காமலே நின்று பார்த்தாளாம். லோகம் முடியப்போகிறது என்று சிலர் ஜெபம் தொடங்கினார்கள்.

அதே சோடியம் பிற்பாடு கம்பத்தில் ஏறி நெடுஞ்சாலைக்கு வந்தது. அதே ஆரஞ்சு நிறம். வானத்தில் ஒருமுறை வந்தபோது ஊரே வெளியே ஓடிவந்து பார்த்த நிறத்தை, சாலையில் தினமும் வந்தபோது யாரும் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

கறுத்தவாவுக்கு நடுவில் கொஞ்ச காலம் உயிர்த்தண்ணீர் ஊற்றியது மின்வெட்டு. கேரளத்தில் தொண்ணூறுகளிலும், பிறகு 2012 வாக்கிலும் மாலையில் முறைவைத்து அரை மணிநேரம் கரண்ட் போகும். தமிழ்நாட்டில் அதே காலகட்டத்தில் அரை மணிநேரம் என்பது சிரிப்புக்கு இடமான விஷயம். அங்கே மணிக்கணக்காகப் போகும். 1956 நவம்பர் 1ஆம் தேதி விளவங்கோடு தமிழ்நாட்டோடு அந்தப் பக்கமும் நெய்யாற்றின்கரை கேரளத்தோடு இந்தப் பக்கமுமாகப் பிரிந்தன. அந்த எல்லைக்கோடு கல்யாணத்தையோ சந்தையையோ தடுத்ததில்லை. வானத்தில் அந்தக் கோடு விழுந்ததை நான் கண்டது மின்வெட்டில்தான். இந்தப் பக்கம் விளக்கு எரியும்; இஞ்சிவிளையைத் தாண்டினால் அந்தப் பக்கம் இருட்டு. எங்கள் முறை வரும்போது இந்தப் பக்கம் இருட்டி, அந்தப் பக்கம் எரியும். நட்சத்திரங்கள் எல்லையைத் தாண்டித் தாண்டி வந்துபோயின.

அந்த அரை மணிநேரத்தில் ஒரு வஞ்சகம் இருந்தது. மனிதக் கண் இருட்டுக்குப் பழக நேரம் எடுக்கும். நிறம் காணும் கூம்புச் செல்கள் பத்து நிமிடத்தில் தயாராகிவிடும். இரவுக்கென்றே உள்ள கோல்செல்களில் வெளிச்சத்தில் வெளுத்துப்போன ரொடாப்சின் நிறமி மீண்டும் ஊறி நிறைய இருபது முப்பது நிமிடம் ஆகும். எனவே கரண்ட் போனதும் முற்றத்துக்கு வந்து பாய் விரித்துப் படுத்தால், முதலில் திருவாதிரையின் செம்மையும் வேடனின் மூன்று நட்சத்திர வரிசையும் தெரியும். பிறகு கார்த்திகை ஒரு திட்டாகத் தெரியும். பிறகு அது ஆறாகப் பிரியத் தொடங்கும். "நேரா பாக்காதே, கடைக்கண்ணால பாரு" என்று பாட்டா சொல்வார். அது சரி, கோல்செல்கள் கண்ணின் நடுவில் இல்லை, ஓரத்தில்தான் இருக்கின்றன. ஐந்து, ஆறு என்று எண்ணி, ஏழாவது இருக்கிறதா இல்லையா என்று அக்காவோடு சண்டை தொடங்கும் நேரத்தில் கரண்ட் வந்துவிடும். தெரு முழுக்க ஒரு ஆரவாரம் எழும். நானும் சேர்ந்து கத்தியிருக்கிறேன். ஏழாவது நட்சத்திரத்தை இன்றுவரை நான் உறுதியாகக் கண்டதில்லை.

மின்வெட்டு போனது நல்லதுக்குத்தான். 2017 மே 29 அன்று கேரளம் முழுதும் மின்மயமான மாநிலமாக அறிவிக்கப்பட்டது. அதில் பெருமைப்பட எல்லா நியாயமும் உண்டு. அடுத்து எல்.இ.டி. வந்தது. மாநில மின்வாரியமும் உள்கட்டமைப்பு முதலீட்டு நிதி வாரியமான கிஃப்பியும் சேர்ந்து பஞ்சாயத்துகளிலும் நகரசபைகளிலும் தெருவிளக்குகளை எல்.இ.டி.யாக மாற்றும் திட்டத்துக்கு வைத்த பெயர் 'நிலாவு'. பெயர் வைத்தவர் கவிதை மனம் உள்ளவராக இருக்கவேண்டும். மாதம் முழுக்க நிலவு என்றால் கறுத்தவாவுக்கு இடம் எங்கே என்று அவர் யோசித்திருக்க மாட்டார்.

ஜங்ஷனுக்கு ஜங்ஷன் ஹைமாஸ்ட் எழுந்தது. எந்த நிதியில் யார் தந்தது என்ற பலகையும் அதன் வெளிச்சத்திலேயே தெரியும். கழக்கூட்டத்திலிருந்து எல்லையில் உள்ள காரோடு வரைக்கும் நான்குவழிச் சாலை வந்தது. முக்கோலைக்குத் தெற்கே அது வெள்ளைக் கான்கிரீட் சாலை. கறுப்புத் தார் விழுங்கும் வெளிச்சத்தைக் கான்கிரீட் மேலே திருப்பி அனுப்பும். மேற்கே விழிஞ்ஞத்தில் 2025 மே 2 அன்று துறைமுகம் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. அதன் கிரேன்கள் இரவு முழுக்கப் பகல் காண்கின்றன. வடமேற்கே திருவனந்தபுரம். மூன்று பக்கமும் வெளுத்த வானம். நான் மாடியில் பேப்பர் படித்தது இவர்கள் எல்லாரும் சேர்ந்து பிடித்த விளக்கில்தான்.

மருத்துவக் காரணத்தையும் பதிந்துவைக்க வேண்டும். காற்றில் ஒளி சிதறும் அளவு அதன் அலைநீளத்தைப் பொறுத்தது. அலைநீளம் குறையக் குறைய, நான்காம் அடுக்கில் சிதறல் கூடும். பகல்வானம் நீலமாக இருப்பதற்கு இதுவே காரணம். சோடியம் விளக்கின் மஞ்சள் 590 நானோமீட்டரை ஒட்டி இருக்கிறது. வெள்ளை எல்.இ.டி.யில் 450ஐ ஒட்டி ஒரு நீலக் கூர்முனை உண்டு. அந்த நீலம் மஞ்சளைவிட ஏறக்குறைய மூன்று மடங்கு சிதறும். நம் கடலோரக் காற்றில் ஈரமும் சேர்ந்தால் தலைக்குமேல் ஒரு பால்திரை விழுகிறது. நட்சத்திரத்தின் ஒளி நிற்கவில்லை. அது வந்து கண்ணில் விழத்தான் செய்கிறது. கார்த்திகைக் கூட்டத்திலிருந்து நானூறு ஆண்டுகளுக்கு மேலாகப் பயணம் செய்து வந்த ஒளி, கடைசி நூறு கிலோமீட்டரை ஒரு நொடியில் மூவாயிரத்தில் ஒரு பங்கு நேரத்தில் கடக்கிறது. அந்த இடத்தில்தான் திரையோடு கலந்து தொலைகிறது.

இது எங்கள் ஊர்க் கதை மட்டுமில்லை. உலக மக்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேற்பட்டோர் இருக்குமிடத்திலிருந்து பால்வெளியைக் காண முடியாது என்று 2016இல் வெளியான, இரவுவானச் செயற்கை ஒளியின் உலக வரைபடம் சொன்னது. 2011 முதல் 2022 வரை சாதாரண மக்கள் வெறுங்கண்ணால் பார்த்து அனுப்பிய ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்ட பதிவுகளை ஆராய்ந்த ஆய்வு 2023இல் வந்தது. இரவுவானம் சராசரியாக ஆண்டுக்கு 9.6 விழுக்காடு வெளுக்கிறது. 250 நட்சத்திரம் தெரியும் ஊரில் பிறந்த குழந்தைக்குப் பதினெட்டு வயதாகும்போது 100தான் தெரியும். செயற்கைக்கோள் அளவுகள் இதைவிடக் குறைவாகவே காட்டிவந்தன. அவற்றின் கருவிக்கு நீலம் தெரியாது என்பதும் அதற்கு ஒரு காரணம். வானத்துக்கு என்ன ஆனது என்பதை மேலே இருந்து பார்த்த கருவியைவிடக் கீழே நின்று எண்ணியவர்கள் சரியாகச் சொன்னார்கள்.

கொன்றது யார் என்ற கேள்விக்கு என்னிடம் வெளியாள் பெயர் இல்லை. எங்கள் விளையில் வேலைக்கு வந்த ஒருவரை இருட்டில் அணலிப் பாம்பு கடித்தது எனக்கு நினைவிருக்கிறது. தையல் வகுப்பு முடிந்து திரும்பும் பெண்கள் வாய்க்கால் திருப்பத்தில் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு ஓடிவந்ததும் நினைவிருக்கிறது. அந்தத் திருப்பத்துக்கு விளக்குக் கேட்டுக் கையெழுத்து வாங்கிய மனுவை எழுதியவன் நான். என் கையெழுத்து அழகாக இருக்கும் என்பதால் என்னிடம் தந்தார்கள். விளக்கு வந்த அன்று எல்லாரும் அதன் அடியில் நின்று பேசினோம். கறுத்தவாவின் சாவுக்கு மனுப்போட்டவர்கள் பட்டியலில் என் பெயர் முதலில் இருக்கிறது. இன்றும் அந்தத் திருப்பத்தின் விளக்கைக் கழற்றச் சொன்னால் நான் சம்மதிக்க மாட்டேன்.

நான் கேட்டது வேறு. அந்த விளக்கின் வெளிச்சத்தில் ஒரு பங்கு வாய்க்காலுக்குப் போகிறது, ஒரு பங்கு தென்னை மண்டைக்குப் போகிறது, ஒரு பங்கு நேரே வானத்துக்குப் போகிறது. பாம்பு தென்னை மண்டையில் ஊர்வதில்லை. மேலே ஒரு தகர மூடியும், கொஞ்சம் மஞ்சள் சாயலும், நடுராத்திரிக்குப் பிறகு பாதி வெளிச்சமும் போதாதா என்று வார்டு உறுப்பினரிடம் போய்க் கேட்டேன். நல்ல மனிதர். பொறுமையாகக் கேட்டார். "அண்ணா, விளக்கு எரியலன்னு நாளைக்கு இருபது பேரு வருவாங்க. எரியுது, கொஞ்சம் கொறைங்கன்னு வந்த மொத ஆளு நீங்கதான்" என்றார். தாளை வாங்கி மேசை இழுப்பறையில் வைத்தார்.

ஒருமுறை கறுத்தவாவு திரும்பி வந்தது. 2017 நவம்பர் 30 அன்று ஒக்கிப் புயல் அடித்தது. எல்லைக்கு அந்தப் பக்கம், கொல்லங்கோட்டுப் பக்கத்தில் இருக்கும் சித்தி வீட்டில் பல நாள் கரண்ட் இல்லை. மூன்றாம் நாள் பௌர்ணமி. அது தேய்ந்து, நிலா உதிக்க இரவு பத்துக்கு மேல் ஆன நாட்களில் நான் அங்கே இருந்தேன். முன்னிரவில் வெளியே வந்தால், பாட்டா காட்டிய வானம் அப்படியே இருந்தது. கார்த்திகை ஆறும் தனித்தனியாக உச்சிக்கு ஏறிக்கொண்டிருந்தன. தெற்கே கடல்பக்கம் அகத்தியர் உதித்திருந்தார். ஒரு குழந்தையைக் கூட அழைத்து அதைக் காட்டத் தோன்றவில்லை. பொழியூரிலிருந்து தூத்தூர் வரைக்கும் கரையில் பெண்கள் உட்கார்ந்து கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மீன்பிடிக்கக் கடலுக்குப் போனவர்களில் பலர் வரவில்லை. அந்த வானத்தை வைத்துத் திசை பார்த்துப் பிழைத்த வம்சம் அது. வெள்ளி பார்த்து வலைபோடவும், வெள்ளி பார்த்துக் கரை திரும்பவும் தெரிந்தவர்கள். அந்த வாரம் நட்சத்திரங்கள் எல்லாம் இருந்தும் யாரும் நிமிரவில்லை. கறுத்தவாவை நினைத்து ஏங்கும்போதெல்லாம் அந்தக் கரையும் கூடவே வருகிறது. அதனால் ஏக்கத்தை அளவோடு வைத்துக்கொள்கிறேன்.

இறந்தவருக்கு உறவினர்கள் இருக்கிறார்கள். லடாக்கில் ஹான்லேயைச் சுற்றி இருட்டைக் காப்பதற்கென்றே ஒரு பகுதியை 2022இல் அறிவித்தார்கள். அங்கே ஊரார் ஜன்னலுக்குத் தடித்த திரை போட்டு, விளக்குக்கு மூடி போட்டு வாழ்கிறார்கள். தமிழ்நாட்டில் ஜவ்வாது மலையில் காவலூர் ஆய்வகம் 1986இல் 2.34 மீட்டர் தொலைநோக்கியைத் திறந்தது. இன்றும் வேலை செய்கிறது. உள்ளூரில் மிஞ்சியிருப்பவர் தெற்கு. பொழியூர்க் கடற்கரையில் போய், கரையின் விளக்குகளுக்கு முதுகைக் காட்டி நின்றால், எதிரே ஊர் இல்லை, அண்டார்டிகா வரைக்கும் தண்ணீர்தான். தை மாதம் அங்கே அகத்தியர் இன்னும் பழைய அந்தஸ்தோடு நிற்கிறார். பால்வெளியை மட்டும் தேடித்தான் பிடிக்க வேண்டும். தெரிந்தவர்கள் சொன்னால் இருக்கிறது போலத் தோன்றும். மின்மினிகளைப் பற்றி விசாரித்தேன். வாய்க்கால் திருப்பத்தில் இப்போது வருவதில்லை என்றார்கள்.

கறுத்தவாவன்று முன்னோருக்குப் பலியிடுகிறோம். கறுத்தவாவே முன்னோர் ஆகிவிட்டால் எந்த நாளில் பலியிடுவது என்று எனக்குத் தெரியவில்லை. எனக்குத் தெரிந்த முறையில் ஒன்றைச் செய்தேன். அடுத்த அமாவாசைக்கு வீட்டின் விளக்குகளை எல்லாம் அணைத்தேன். கேட்டில் எரிவது, படிக்கட்டில் எரிவது, பூஜை அறையில் ராப்பகலாக எரியும் சிவப்புச் சீரோ வாட் பல்பு, வைஃபை பெட்டியின் பச்சைப் பொட்டு. மாடியில் ஹைமாஸ்ட்டைத் தண்ணீர்த் தொட்டி மறைக்கும் மூலையில் பாய் விரித்துப் படுத்தேன். பத்து நிமிடம். பதினைந்து. கார்த்திகைத் திட்டு இருந்த இடத்தில் மூன்று புள்ளி பிரிந்தது. கடைக்கண்ணால் பார்த்தேன். நாலு. இன்னொன்று இருக்கிறதோ என்ற இடத்தில் இருந்தபோது கீழே கேட் திறக்கும் சத்தம் கேட்டது. பக்கத்து வீட்டு அக்கா.

"தம்பி, ஒங்க வீட்டுல மட்டும் கரண்டு போச்சா? ஃபீஸு போயிருக்கும். எங்க வீட்டுலேருந்து வயர் இழுக்கட்டா?"

"கரண்டு இருக்கு அக்கா" என்றேன். நான் சொன்னது அவர் காதில் விழவில்லை. பாவம், நான் இருட்டில் படியில் விழுந்துவிடுவேனோ என்று பதறி, மேலே ஏறிவந்து, கைப்பேசி டார்ச்சை நேரே என் முகத்தில் அடித்தார்.